கண்ணாடி முகத்தைத் துரத்திய பெண்

மேலிருந்து ஒரு நீண்ட கை இறங்கி வருகிறது. துணிக்கடைப் பொம்மையின் கையைப் போல விறைத்த கை. வெயில் காயும் சாலையில் ஒரு பாப்பிப் பூவை வைத்துவிட்டு மறைந்துபோகிறது. ஒரு பெண்ணின் நிழல் அந்தப் பூவை நெருங்குகிறது, குனிந்து எடுக்கிறது. சாலையின் வளைவில் யாரோ திரும்பிப் போவது கணநேரம் தெரிகிறது. அவள் படியேறி ஒரு வீட்டுக் கதவைத் தட்டுகிறாள், சாவியை எடுக்கிறாள், அது கை நழுவிப் படிகளில் துள்ளித் துள்ளிக் கீழே உருள்கிறது. உள்ளே மேசையில் ரொட்டி, அதில் செருகிய கத்தி. எடுத்து வைக்கப்பட்ட தொலைபேசி. மாடியில் ஆளில்லாமல் சுழலும் இசைத்தட்டு. அதை நிறுத்திவிட்டு ஜன்னலோர நாற்காலியில் சாய்ந்து கண்ணயர்கிறாள்.

இதுவரை பார்வையாளர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. கால், கை, நிழல், மூடிக்கொள்ளும் ஒற்றைக் கண், அவ்வளவுதான். முகம் தெரிவது கனவு தொடங்கிய பிறகுதான்.

‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ என்ற இந்தப் படம் 1943இல் லாஸ் ஏஞ்சலஸ் நகரின் கிங்ஸ் ரோட்டில், ஒரு தம்பதி குடியிருந்த வீட்டிலும் அதன் வாசலிலுமாக எடுக்கப்பட்டது. நீளம் ஏறக்குறைய 14 நிமிடம். வசனம் கிடையாது, அப்போது இசையும் கிடையாது. நடித்தவர்கள் அந்த மனைவியும் கணவரும். செலவு 275 டாலர் அளவில் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் கணக்கு. ஒரு மனம் பலவாகப் பிளவுபடுவதைச் சொன்ன படங்களின் வரலாற்றை எழுதுகிற எவரும் இந்தப் பதினான்கு நிமிடத்தைத் தாண்டிப் போக முடிவதில்லை. இத்தனைக்கும் பெரிய ஸ்டுடியோக்கள் அந்த வீட்டிலிருந்து சில மைல் தூரத்தில்தான் இரவு பகலாக இயங்கிக்கொண்டிருந்தன. அவற்றின் வாசல் பக்கமே இந்தப் படம் போகவில்லை.

மனைவியின் பெயர் மாயா டெரன். பிறந்தபோது அவர் எலியனோரா டெரென்கோவ்ஸ்கா. 1917 ஏப்ரலில் கியேவ் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர். தந்தை மனநல மருத்துவர். யூதர்கள் மீதான வன்முறைக்கு அஞ்சி 1922இல் குடும்பம் அமெரிக்காவுக்குப் புறப்பட்டு நியூயார்க் மாநிலத்தின் சிரக்யூஸ் நகரில் குடியேறியது. அங்கே குடும்பப் பெயரின் வால் நறுக்கப்பட்டு ‘டெரன்’ ஆனது. சிறுமி ஜெனீவாவில் பள்ளிப் படிப்பு, சிரக்யூஸில் இதழியல், நியூயார்க்கில் பட்டம் என்று ஊர் மாறி ஊர் படித்தார். பதினெட்டு வயதில் சோசலிஸ்ட் இயக்கத் தோழர் ஒருவரை மணந்தார், அது நிலைக்கவில்லை. 1939இல் ஸ்மித் கல்லூரியில் முதுகலை முடித்தார். ஆங்கிலக் கவிதையில் பிரெஞ்சுக் குறியீட்டியக் கவிஞர்களின் தாக்கம் என்பது அவருடைய ஆய்வுப் பொருள்.

கவிதை எழுதிப் பார்த்தார். தனக்குத் தோன்றுவதெல்லாம் காட்சியாகத் தோன்றுகிறது, அதைச் சொல்லாக மாற்றும்போது ஏதோ கழன்று விழுந்துவிடுகிறது என்ற குறை அவருக்கு இருந்துகொண்டே இருந்தது. 1941இல் கேதரின் டன்ஹம் என்ற கறுப்பின நடனக் கலைஞரிடம் உதவியாளராகச் சேர்ந்தார். டன்ஹம் மானுடவியல் படித்தவர். ஹெய்ட்டி தீவுக்குப் போய் அங்குள்ள ஆட்டங்களைக் கற்றுவந்தவர். அந்தக் குழுவோடு ஊர் ஊராகச் சென்ற பயணம்தான் டெரனை லாஸ் ஏஞ்சலஸில் கொண்டு சேர்த்தது. அங்கே சந்தித்தவர் அலெக்ஸாண்டர் ஹாக்கென்ஷ்மீட்.

இவரும் பெயர் சுருங்கியவர்தான். 1907இல் லின்ஸ் நகரில் பிறந்து பிராகில் வளர்ந்த செக்காரர். நாஜிகள் செக்கோஸ்லோவாகியாவை விழுங்கிய காலத்தை ‘கிரைசிஸ்’ என்ற ஆவணப்படத்தில் பதிவு செய்த குழுவில் இருந்தவர். 1939இல் அமெரிக்கா வந்து, பிறகு ஹமித் ஆனார். 1942இல் இருவருக்கும் திருமணம். மறு ஆண்டு எலியனோரா ‘மாயா’ ஆனார். அந்தப் பெயரைத் தேடித் தந்தவர் ஹமித். புத்தரின் தாய்க்கு உரிய பெயர், தோற்ற மயக்கத்தைக் குறிக்கும் பெயர் என்பதெல்லாம் தெரிந்துதான் அவர்கள் அதைத் தேர்ந்தார்கள்.

இரண்டு அகதிகள், இரண்டு புதுப் பெயர்கள், வாடகை வீடு ஒன்று. அங்கே பிறந்த படத்தில் ஒருத்தி தன்னையே ஜன்னல் வழியாகப் பார்க்கிறாள் என்பதில் வியப்பதற்கு என்ன இருக்கிறது என்று கேட்கலாம். ஆனால் வாழ்க்கை வரலாற்றை மட்டும் வைத்து இந்தப் படத்தை விளக்கிவிட முடியாது. சினிமா என்ற தொழிலுக்குள்ளேயே இதற்கு ஒரு முன்கதை உண்டு.

தன்னையே தான் சந்திக்கும் மனிதன் திரையில் புதியவன் அல்ல. 1913இலேயே ஜெர்மனியில் ‘பிராகின் மாணவன்’ என்ற படம் வந்துவிட்டது. ஏழை மாணவன் தன் கண்ணாடிப் பிம்பத்தை விற்றுவிடுகிறான்; அந்தப் பிம்பம் கண்ணாடியை விட்டு இறங்கி அவனைத் தொடர்கிறது. பால் வெகனர் இரண்டு வேடமும் ஏற்றார். ஒளிப்பதிவாளர் கைடோ சீபர் ஃபிரேமின் ஒரு பாதியை மறைத்து எடுத்து, ஃபிலிமைப் பின்னோக்கிச் சுற்றி, மறு பாதியை எடுத்தார். நம் ஊர் இரட்டை வேடப் படங்கள் நெடுங்காலம் பின்பற்றியதும் இதே வித்தையைத்தான். அங்கே ஆள் இரண்டு என்றாலும் கதை ஒன்று, பார்வை ஒன்று. பார்வையாளருக்குத் தான் எங்கே நிற்கிறோம் என்பதில் குழப்பமே வராது.

ஹமித் வேறு வழியில் இந்த இடத்துக்கு வந்தவர். 1930இல் பிராகில் அவர் எடுத்த முதல் படத்தின் பெயர் ‘நோக்கமற்ற நடை’. ஒருவன் டிராம் ஏறி நகரின் ஓரத்துக்குப் போகிறான், திரிகிறான், உட்காருகிறான். முடிவில் அவன் இரண்டாகிறான்: ஒருவன் கிளம்புகிறான், இன்னொருவன் அங்கேயே இருந்து பார்க்கிறான். பேயும் பிசாசும் இல்லை, சாத்தானோடு ஒப்பந்தம் இல்லை. தன்னை விட்டுத் தானே விலகி நிற்கும் உணர்வு மட்டும்தான். கிங்ஸ் ரோடு வீட்டுக்கு ஹமித் கொண்டுவந்த சொத்து இதுதான். டெரன் கொண்டுவந்தது கவிதையும் நடனமும். தந்தை இறந்தபின் கிடைத்த சிறு பணத்தில் பழைய 16 எம்.எம். போலெக்ஸ் கேமரா ஒன்றும் வந்து சேர்ந்தது.

அந்தக் கேமராவைப் பற்றிச் சற்று விரிவாகப் பேச வேண்டும். கையில் அது இல்லையென்றால் இந்தப் படமே தோன்றியிருக்காது.

1923இல் கோடாக் நிறுவனம் 16 எம்.எம். ஃபிலிமை அறிமுகப்படுத்தியது. ஸ்டுடியோக்கள் பயன்படுத்திய 35 எம்.எம். ஃபிலிம் நைட்ரேட்டால் ஆனது, சட்டென்று தீப்பிடிக்கும். புதிய ஃபிலிம் எளிதில் தீப்பற்றாத அசிடேட்டில் வந்தது. வீட்டில், பள்ளியில், தேவாலயக் கூடத்தில் பயமின்றி ஓட்டலாம். குழந்தையின் பிறந்தநாளையும் விடுமுறைப் பயணத்தையும் பிடித்து வைக்க விரும்பிய வசதியான குடும்பங்களை நம்பி இறக்கிய சரக்கு அது. 1935இல் சுவிட்சர்லாந்தின் பையார் நிறுவனம் போலெக்ஸ் எச்16ஐக் கொண்டுவந்தது. இசைப்பெட்டிகளுக்குப் பேர்போன செயின்ட்-குருவா என்ற மலையூரில், இசைப்பெட்டியும் கிராமபோனும் செய்து கைபழகிய நிறுவனம் அது. போலெக்ஸ் என்ற பெயரின் பின்னால் இருந்த பொறியாளர் ஜாக் போகோபோல்ஸ்கியும் டெரனைப் போலவே கியேவில் பிறந்தவர்.

எச்16க்கு மின்சாரம் வேண்டாம். சாவி கொடுத்தால் வில் சுருள் விரிந்து ஓடும். நொடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் ஒரு முறை முறுக்கினால் அரை நிமிடத்துக்குச் சற்றுக் குறைவாக ஓடும். நூறு அடி ரீல் இரண்டே முக்கால் நிமிடம் வரும். மூன்று லென்ஸ்களைச் சுழற்றி மாற்றிக்கொள்ளலாம், வேகத்தைக் கூட்டிக் குறைத்து ஸ்லோ மோஷன் எடுக்கலாம், ஃபிலிமைக் கையால் பின்னுக்குச் சுற்றி அதே இடத்தில் மறுபடி எடுக்கலாம். 1913இல் சீபர் போன்ற தேர்ந்த ஒளிப்பதிவாளரின் கைவேலையாக இருந்த வித்தை, இப்போது வீட்டுக் கூடத்தில் மேசை போட்டுச் செய்யக்கூடியதாயிற்று. கேமராவைத் தோளிலும் கையிலும் ஏந்த முடிந்தது. படத்தில் டெரன் மாடிப்படியில் ஏறும்போது அந்தப் படிக்கட்டே கப்பல்போல இடமும் வலமுமாக ஆடுகிறது. கேமராவை ஒரு பக்கம் சாய்க்கும்போது நடிப்பவர் மறுபக்கம் சாய்ந்து சுவரில் மோதுகிறார், நடந்தது அவ்வளவே. தச்சர் இல்லை, செட் இல்லை.

இனி அந்தக் கனவுக்கு வருவோம்.

தூங்குகிறவள் கனவில் கறுப்பு அங்கி போர்த்திய ஓர் உருவத்தைத் துரத்துகிறாள். அது நிதானமாக நடக்கிறது, அவள் ஓடுகிறாள், எட்ட முடியவில்லை. அது திரும்பும்போது முகம் இருக்கவேண்டிய இடத்தில் கண்ணாடி இருக்கிறது. சோர்ந்து வீட்டுக்குள் வருகிறாள். பழைய பொருள்கள்தான், ஆனால் இடம் மாறியிருக்கின்றன. கத்தி ஒவ்வொரு முறையும் வேறோர் இடத்தில் காத்திருக்கிறது. ஜன்னல் பக்கம் போய்க் கீழே பார்க்கிறாள்: சாலையில் இன்னொருத்தி, அவளேதான், அதே உருவத்தைத் துரத்திக்கொண்டிருக்கிறாள். அவளும் ஓய்ந்து உள்ளே வருகிறாள். பிறகு மூன்றாமவள். கடைசியில் மேசையைச் சுற்றி மூன்று பேரும் உட்காருகிறார்கள்; நாற்காலியில் நான்காமவள் தூங்கிக்கொண்டிருக்கிறாள். மேசைமேல் சாவி. ஒருத்தி எடுக்கிறாள், உள்ளங்கையைக் காட்டுகிறாள், சாவி மேசைக்குத் திரும்பிவிடுகிறது. அடுத்தவள் எடுத்தாலும் அப்படியே. மூன்றாமவளின் உள்ளங்கை கறுத்திருக்கிறது. அதில் சாவி கத்தியாகிறது.

கண்களின் இடத்தில் பளபளக்கும் கோளங்களை அணிந்து, கத்தியோடு அவள் எழுகிறாள். மேசையிலிருந்து நாற்காலிக்குச் சில அடி தூரம்தான். முதல் அடி கடற்கரை மணலில் விழுகிறது. அடுத்தது மண்ணும் புல்லுமான தரையில். அடுத்தது நடைபாதையில். கடைசி அடி வீட்டுத் தரைவிரிப்பில். நடை ஒன்று, உலகம் நான்கு.

இதில் எந்த மாயவித்தையும் இல்லை என்பதுதான் மிக முக்கியமானது. ஹாலிவுட் முப்பதாண்டுகளாகச் செதுக்கி வைத்திருந்த தொடர்ச்சி இலக்கணம் ஒன்று உண்டு. ஒரு ஷாட்டில் ஒருவர் காலைத் தூக்கினால் அடுத்த ஷாட்டில் அந்தக் கால் தரையில் ஊன்ற வேண்டும். அப்போது இரண்டு ஷாட்டுகளும் ஒரே இடத்தில், ஒரே நேரத்தில் நடப்பதாக மனம் ஏற்கும். ஒருவர் ஜன்னல் வழியே பார்த்தால் அடுத்த ஷாட்டில் வருவது அவர் பார்க்கும் பொருள் என்று மனம் ஏற்கும். கதாநாயகி நாற்பது நாள் இடைவெளியில் இரண்டு செட்களில் எடுக்கப்பட்டாலும் திரையில் ஒரே ஆளாக, முழு ஆளாகத் தெரிவது இந்த இலக்கணத்தால்தான். டெரனும் ஹமித்தும் இதில் ஒரு விதியைக்கூட மீறவில்லை. கால் சரியாகத்தான் ஊன்றுகிறது. ஊன்றிய இடம்தான் வேறு. பார்வை சரியாகத்தான் பொருந்துகிறது. பார்க்கப்பட்டவள்தான் பார்ப்பவளாகவே இருக்கிறாள். உடைந்த மனத்தைக் காட்டுவதற்கு அதற்கு முன் ஜெர்மன் இயக்குநர்கள் கோணல் சுவர்களையும் வரைந்த நிழல்களையும் நாடினார்கள். இந்தத் தம்பதிக்கு, மனிதரை முழுமையாகக் காட்டுவதற்கென்று தொழில் உருவாக்கி வைத்திருந்த கருவியே போதுமாக இருந்தது. அதைக் கச்சிதமாகப் பயன்படுத்தியே முழுமையைக் கலைத்தார்கள். பார்வையாளருக்கு ஏற்படும் தலைசுற்றலுக்கும் காரணம் இதுவே: கண் ஒன்று என்று சொல்கிறது, அறிவு பல என்று சொல்கிறது, இரண்டையும் பொய் என்று தள்ள முடியவில்லை.

அந்த நான்கு அடிகளைப் பற்றிப் பல ஆண்டுகள் கழித்து டெரன் ஒரு கடிதத்தில் எழுதினார். ஒருத்தி தன்னைத் தானே கொல்ல வேண்டுமானால் காலத்தின் தொடக்கத்திலிருந்து, உயிர் கடலிலிருந்து கரையேறிய நாளிலிருந்து, வெகுதூரம் நடந்து வர வேண்டும் என்பது அவர் தந்த விளக்கம். தம் பிற்காலப் படங்கள் அத்தனைக்கும் வாசல் திறந்தது அந்தச் சில நொடிகள்தான் என்றும் அவர் கருதினார்.

கத்தி இறங்கும்போது அவள் விழிக்கிறாள். எதிரே கணவன், ஹமித் தானே ஏற்ற வேடம். தொலைபேசியை எடுத்து ஒழுங்காக வைக்கிறான். பூவோடு மாடிக்குப் போகிறான். எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைக்கும்போது படுக்கையில் கிடக்கும் பூ கத்தியாகிறது. அவள் அதை அவன் முகத்தின்மேல் வீசுகிறாள். உடைவது முகம் அல்ல, கண்ணாடி. அந்த ஓட்டையின் பின்னால் கடல். சில்லுகள் கடற்கரையில் விழுகின்றன. பிறகு கணவன் மறுபடி சாலையில் வருகிறான், கதவைத் திறக்கிறான். நாற்காலியில் அவள் உடல், சிதறிய கண்ணாடித் துண்டுகளுக்கு நடுவே. எது கனவு, எது விழிப்பு என்ற கேள்விக்கு அந்தக் கடைசி ஷாட் விடை தருவதுபோலத் தோன்றும். கடற்கரையை நினைத்துப் பார்த்தால் அந்த விடையும் நிற்காது.

சாவி, கத்தி, பூ, படிக்கட்டு என்று இத்தனையும் ஒரு படத்தில் இருந்தால் ஃப்ராய்டைத் துணைக்கழைப்பவர்கள் வராமல் இருப்பார்களா? வந்தார்கள். மனநல மருத்துவரின் மகள் அதை விரும்பவில்லை. பொருள்களுக்குப் படத்துக்கு வெளியே ஒரு பொருளகராதி வைத்துக்கொண்டு வாசிப்பது தவறு, படத்துக்குள் அவை எப்படி இயங்குகின்றன என்று பார்க்க வேண்டும் என்பதே அவர் வாதம். சர்ரியலிஸ்ட் என்ற முத்திரையையும் மறுத்தார். ஸ்மித் கல்லூரி நாட்களில் கெஸ்டால்ட் உளவியல் அவருக்கு அறிமுகமாகியிருந்தது. பகுதிகளைக் கூட்டினால் முழுமை வராது, பகுதிகளுக்கிடையே உள்ள உறவுதான் முழுமை என்கிற சிந்தனை அது. அந்தக் கோணத்தில் பார்த்தால் அவர் பிடிவாதம் நியாயமானதுதான். இந்தப் படத்தில் சாவிக்குத் தனியாக அர்த்தமே கிடையாது. அது உருண்டது, பிறகு வாயிலிருந்து வெளிவந்தது, பிறகு கத்தியானது என்ற வரிசைதான் அதன் அர்த்தம்.

படம் யாருடையது என்ற சண்டையும் இன்றுவரை ஓயவில்லை. தலைப்பு அட்டையில் இருவர் பெயரும் உண்டு. தேர்ந்த ஒளிப்பதிவாளர் ஹமித். டெரனுக்கு இது முதல் படம். பின்னாளில் ஸ்டான் பிராகேஜ் போன்ற சோதனைப் பட இயக்குநர்கள் இதை முதன்மையாக ஹமித்தின் படைப்பாகவே பார்த்தார்கள். ‘நோக்கமற்ற நடை’யைப் பார்த்தவர்கள் அதை எளிதில் ஒதுக்கிவிட முடியாது. ஆனால் அடுத்து வந்த படங்களைப் பார்த்தால் தராசு மறுபக்கம் சாய்கிறது. நான்கு உலகங்களில் விழுந்த அந்த நடையை எடுத்து வளர்த்துக்கொண்டு போனவர் டெரன். ‘அட் லேண்ட்’ (1944) படத்தில் கடல் துப்பிய ஒரு பெண் கரையில் கிடக்கும் மரத்தின் வேர்களைப் பிடித்து ஏறுகிறாள். தலை மேலே வரும்போது அது விருந்து நடக்கும் மேசையாகிறது. விருந்தினர்கள் யாரும் கவனிக்காத மேசைமீது அவள் ஊர்ந்து போகிறாள். 1945இல் வந்த ‘கேமராவுக்கான நடன அமைப்பு’ நான்கு நிமிடம்கூட இல்லை. டன்ஹம் குழுவின் டேலி பீட்டி காட்டில் காலைத் தூக்குகிறார். கால் இறங்குவது ஒரு வீட்டு அறையில். இரண்டு இடங்களை ஒரு உடல் தைத்துவிடுகிறது.

‘ரிச்சுவல் இன் டிரான்ஸ்ஃபிகர்ட் டைம்’ (1946) இன்னும் துணிச்சலானது. அதே குழுவிலிருந்து வந்த கறுப்பின நடனக்காரர் ரீட்டா கிறிஸ்டியானியும் டெரனும் அதில் ஒரே பெண்ணின் இரு உருவங்கள்போல மாறி மாறி வருகிறார்கள். விருந்து ஒன்றில் கை குலுக்குவதும் கட்டித் தழுவுவதும் நடனமாக உறைந்து, மறுபடி உருகுகின்றன. கடைசியில் நெகட்டிவ் ஃபிலிமாகவே திரை மாறும்போது விதவையின் கறுப்பு உடை மணப்பெண்ணின் வெள்ளையாகிவிடுகிறது. இனப் பிரிவினை சட்டமாகவே இருந்த அமெரிக்காவில் கறுப்பு, வெள்ளை என்ற இரண்டையும் ஒரு பெண்ணுக்குள் வைத்து, வேதியியல் ஒன்றால் இடம் மாற்றிக் காட்டியது சிறிய காரியம் அல்ல. இந்தப் படத்துக்குக் கிடைக்க வேண்டிய கவனத்தின் பாதிகூட இன்னும் கிடைக்கவில்லை.

படம் எடுத்தாயிற்று; யார் பார்ப்பது? தியேட்டர்கள் ஸ்டுடியோக்களின் பிடியில். அப்போது நியூயார்க்கின் கிரீனிச் வில்லேஜில் மார்ட்டன் தெருவில் வசித்த டெரன், தாமே பிரதி எடுத்து, தாமே துண்டறிக்கை அச்சிட்டு, கல்லூரிகளுக்கும் அருங்காட்சியகங்களுக்கும் வாடகைக்கு அனுப்பினார். கூடவே போய்ப் பேசினார். தயாரிப்பு, வெளியீடு, விளம்பரம், விமர்சனம் நான்கும் ஒரே ஆள். ஹாலிவுட் உதட்டுச் சாயத்துக்குச் செலவழிக்கும் பணத்தில் தாம் படமெடுப்பதாக அவர் சொல்வதுண்டு. 1946 பிப்ரவரி 18 அன்று பிராவின்ஸ்டவுன் பிளேஹவுஸ் என்ற சிறு நாடக அரங்கை வாடகைக்கு எடுத்துத் தம் மூன்று படங்களைத் திரையிட்டார். கவிதை முடிவதில்லை, ஒரு கட்டத்தில் கைவிடப்படுகிறது என்ற பால் வலேரியின் கருத்தை மனத்தில் கொண்டு ‘கைவிடப்பட்ட மூன்று படங்கள்’ என்று நிகழ்ச்சிக்குப் பெயர் வைத்தார். அரங்கு நிரம்பி, இடம் கிடைக்காதவர்கள் திரும்பிப் போனார்கள்.

பார்த்தவர்களில் ஒருவர் வியன்னாவிலிருந்து தப்பி வந்த ஏமஸ் வோகல். இப்படிப்பட்ட படங்களுக்கு ஆள் இருக்கிறது என்று அவர் கண்டுகொண்டார். 1947இல் மனைவி மார்சியாவோடு ‘சினிமா 16’ என்ற திரைப்படச் சங்கத்தை அதே அரங்கில் தொடங்கினார். பெயரிலிருந்த 16, ஃபிலிமின் அகலம். சந்தா கட்டிய உறுப்பினர்களுக்கு மட்டும் திரையிடும் சங்கம் என்பதால் நியூயார்க் மாநிலத் தணிக்கையின் கைக்கு அது எட்டவில்லை. உச்சத்தில் ஏழாயிரம் பேர்வரை உறுப்பினர்கள். 1963வரை அது நடந்தது. சான் ஃபிரான்சிஸ்கோவில் ஃபிராங்க் ஸ்டாஃபேச்சர் ‘ஆர்ட் இன் சினிமா’ என்ற தொடரை 1946இலேயே அங்குள்ள கலை அருங்காட்சியகத்தில் தொடங்கியிருந்தார். போரில் சிப்பாய்களுக்குப் பயிற்சிப் படம் காட்டுவதற்காக 16 எம்.எம். புரொஜக்டர்கள் ஏராளமாகச் செய்யப்பட்டன. போர் முடிந்ததும் பள்ளிகளிலும் சங்கங்களிலும் அவை சாதாரணமாகக் கிடைத்தன. சந்தை வாய்ப்பும் கருவியும் கலையும் இப்படி ஒரே நேரத்தில் கூடிவந்தன.

1947இல் கான் விழாவில் ‘மெஷஸ்’ 16 எம்.எம். சோதனைப் படத்துக்கான சர்வதேசப் பரிசு பெற்றது. அதற்கு முந்தைய ஆண்டே, திரைப்படப் படைப்புக்கென்று கொடுக்கப்பட்ட முதல் குகன்ஹைம் நல்கை டெரனுக்குக் கிடைத்திருந்தது. ஹமித்தோடான மணவாழ்வு 1947இல் முடிந்தது. நல்கைப் பணத்தோடு அவர் ஹெய்ட்டிக்குக் கப்பலேறினார்.

அங்கே அவர் கண்டது, தாம் கிங்ஸ் ரோட்டில் கற்பனை செய்ததற்கு ஒரு சமூகம் நூற்றாண்டுகளாக வைத்திருந்த ஒழுங்கு. வூடூ வழிபாட்டில் பக்தர் குதிரை. தெய்வம் அவர்மேல் ஏறி அமர்கிறது. ஏறிய நேரத்தில் அந்த மனிதரின் ‘நான்’ விலகிவிடுகிறது. நடப்பது, பேசுவது, உண்பது எல்லாம் தெய்வம். தெக்கத்திக் கோயில் கொடைகளில் சாமி வந்து ஆடுவதைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. தன்னுடைய கலிஃபோர்னியப் பிற்பகலில் தன்னிலிருந்து பிரிந்தவள் கத்தியோடு வந்தாள். இங்கே பிரிவு நோய்தீர்க்கிறது, குறிசொல்கிறது, ஊரைக் கூட்டுகிறது. 1947 முதல் 1954வரை பலமுறை போய்வந்த டெரன் வெறும் பார்வையாளராக இருக்கவில்லை. சடங்குகளில் பங்குகொண்டார், தம்மீதே தெய்வம் இறங்கிய அனுபவத்தை எழுதினார். 1953இல் ‘டிவைன் ஹார்ஸ்மன்’ என்ற அவருடைய நூல் வெளிவந்தது. அதற்குத் தூண்டுதலாக இருந்தவர் தொன்மவியல் அறிஞர் ஜோசப் கேம்பல். ஆயிரக்கணக்கான அடி நீளத்துக்கு அவர் அங்கே பிடித்த ஃபிலிமை மட்டும் படமாகத் தொகுக்கவே இல்லை. கலைஞராகத் தம் வடிவத்துக்கு அந்தச் சடங்குகளை வெட்டி அடுக்கத்தான் அவர் போயிருந்தார். அவற்றுக்கு உள்ளேயே முழுமை இருந்தது. அதைக் கலைக்கத் தமக்கு உரிமையில்லை என்று ஒதுங்கிக்கொண்டார். ஒரே நடையை நான்கு உலகங்களாக வெட்டிய கை, வெட்டக்கூடாத இடத்தையும் அறிந்திருந்தது.

1953 அக்டோபரில் சினிமா 16 நடத்திய ‘கவிதையும் திரைப்படமும்’ கருத்தரங்கில் டெரன், ஆர்தர் மில்லர், டிலன் தாமஸ் மூவரும் ஒரே மேடையில் அமர்ந்தார்கள். நாடகம் கிடையாகப் போகிறது, ஒரு நிகழ்ச்சியிலிருந்து அடுத்ததற்கு. கவிதை செங்குத்தாக இறங்குகிறது, ஒரு கணத்தின் ஆழத்துக்கு. சினிமா இரண்டையும் செய்யவல்லது என்று டெரன் விளக்கினார். டிலன் தாமஸ் கேலி பேசினார், கூட்டம் சிரித்தது. ஆண்கள் நிறைந்த மேடையில் அவர் தம் வாதத்தை விட்டுக்கொடுக்காமல் பேசியதை இன்று எழுத்தில் படிக்கும்போது, அன்றைய சிரிப்புதான் சிறுத்துப்போகிறது. சாலையில் ஒரு பூவை எடுத்து வீட்டுக்குள் போய்த் தூங்கியதைத் தவிர ‘மெஷஸ்’ படத்தில் கிடைவாட்டில் நடப்பது ஒன்றுமில்லை. மற்றதெல்லாம் அந்தப் பிற்பகலுக்குள் இறங்கிய கிணறு.

கடைசி ஆண்டுகள் வறுமையில் கழிந்தன. மற்ற சுயாதீனக் கலைஞர்களுக்கு உதவ ‘கிரியேட்டிவ் ஃபிலிம் ஃபவுண்டேஷன்’ என்ற அமைப்பை நடத்திக்கொண்டே தம் படங்களுக்குப் பணம் தேடி அலைந்தார். 1961 அக்டோபர் 13 அன்று மூளையில் ஏற்பட்ட இரத்தக்கசிவால் இறந்தார். வயது 44. அவரை அடியொற்றிய அமைப்புகள் அதன் பிறகுதான் வேர்பிடித்தன. 1962இல் நியூயார்க்கில் ஜோனஸ் மேகஸும் நண்பர்களும் ‘ஃபிலிம்-மேக்கர்ஸ் கோஆபரேடிவ்’ தொடங்கினார்கள். டெரன் தம் வீட்டிலிருந்து ஒற்றை ஆளாகச் செய்த வாடகை வேலையைப் பலருக்குமாகச் செய்த கூட்டுறவு அது. ஹமித் நெடுநாள் வாழ்ந்தார். 1964 நியூயார்க் உலகக் கண்காட்சிக்காக ஃபிரான்சிஸ் தாம்சனோடு சேர்ந்து மூன்று திரைகளில் ஒரே நேரத்தில் ஓடும் ‘டு பி அலைவ்!’ படத்தை எடுத்து ஆஸ்கர் பெற்றார், 2004இல் மறைந்தார்.

‘மெஷஸ்’ 1990இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்ந்தது. பிரிட்டனின் ‘சைட் அண்ட் சவுண்ட்’ இதழ் 2022இல் உலக விமர்சகர்களிடம் எடுத்த வாக்கெடுப்பில் 16ஆம் இடம் பிடித்தது. டேவிட் லிஞ்சின் ‘லாஸ்ட் ஹைவே’, ‘மல்ஹாலண்ட் டிரைவ்’ படங்களில் லாஸ் ஏஞ்சலஸின் வெயில் படிந்த வீடுகளுக்குள் ஒருவர் இன்னொருவராக மாறும்போது விமர்சகர்கள் முதலில் சுட்டுவது இந்தப் படத்தைத்தான்.

இன்று பரவலாகக் கிடைக்கும் பிரதியில் இசை உண்டு. 1959இல், பின்னர் டெரனின் மூன்றாம் கணவரான டெய்ஜி இட்டோ அமைத்தது. ஜப்பானிய மரபை ஒட்டிய தாளமும் சுண்டலுமாக அது அபாரமான இசை. கத்தி வரும் முன்பே கத்தி வருகிறது என்று காது அறிந்துகொள்ளும் அளவுக்கு அபாரம். ஆனால் பதினாறு ஆண்டுகள் இந்தப் படம் மௌனமாகவே ஓடியது. பிராவின்ஸ்டவுன் பிளேஹவுஸில் திரண்ட கூட்டம் புரொஜக்டரின் இரைச்சலோடுதான் பார்த்தது. முதன்முறை பார்ப்பவர்கள் ஒலியை அணைத்துவிட்டுப் பார்ப்பதே நல்லது. இசை எச்சரிக்காதபோது, ஜன்னல் கண்ணாடியில் கைகளை ஊன்றி வெளியே பார்க்கும் டெரனின் முகமும் அதன்மேல் படியும் மரங்களின் பிரதிபலிப்பும் சேர்ந்த அந்தப் புகழ்பெற்ற ஷாட் நீளமாகத் தோன்றும். கீழே சாலையில் அவள் எதைப் பார்க்கப்போகிறாள் என்பதைக் கண்ணே தேடிக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கும். இசையோடு அதை இரண்டாம் முறை பார்க்கலாம்.